யார் என்று கேட்டவர்

பால் திரிந்துவிட்டது என்று சொன்னால், திரித்தது யார் என்று கேட்கிற ஒருவரை அதற்கு முன்னால் நான் கண்டதில்லை. கரண்ட் போனாலும் அதே கேள்விதான். பாலக்கோடு ரோட்டில் தார் பெயர்ந்து கிடந்தால் வண்டியை ஓரம் கட்டச் சொல்லி, பக்கத்துக் கடையில் டீ குடித்துக்கொண்டிருப்பவரிடம் போய், "இதைப் பெயர்த்தவர் யார்?" என்பார். லாரி போய்ப் போய்ப் பேந்துபோச்சுங்க என்று அந்த ஆள் சொல்வார். "யாருடைய லாரி?" என்பார் இவர். பதில் வரும்வரை நகர மாட்டார். சிரிக்கவும் மாட்டார், கோபப்படவும் மாட்டார். வெயிலில் முகம் தக்காளி மாதிரி சிவந்துபோய் அப்படியே நிற்பார். நான்தான் அவரை வண்டிப் பக்கம் இழுப்பேன். எங்கள் பக்கத்தில் யாரு, யாரு என்று கேட்டுக்கொண்டு போனால் அது எந்தச் சண்டையில் போய் நிற்கும் என்பது எனக்குத் தெரியும்.

ஜெர்மனியிலிருந்து வந்த அம்மா அவர். டாக்குமெண்டரி படம் எடுப்பது அவர் தொழில். ஐம்பதை நெருங்கிய வயது, கிராப்பு வெட்டிய நரைமுடி, பெரிய பெரிய பாதங்கள். எங்கள் வீட்டு மாடி அறையில் ஒரு வெயில் காலம் முழுக்கக் குடியிருந்தார். மூடிப்போன நூல் மில்லில் எலக்ட்ரீஷியனாக இருந்தவர் அவரை என்னிடம் அனுப்பிவைத்தார். எட்டாவதோடு பள்ளிக்கூடத்தை விட்டுவிட்டு அந்த மில்லுக்குப் போனவள் நான். மாடியும் காலியாக இருந்தது. சரி என்று சொல்லிவிட்டுப் பிறகு உட்கார்ந்து பயந்தேன். மாடிப்படிக்குக் கைப்பிடி கிடையாது, விழுந்துவைத்தால் எந்த நாட்டுக்குப் போன் போடுவது? காமிரா பாட்டரிகளை வரிசையாகச் சார்ஜில் போட்டிருக்கிறாரே, வெடித்தால்? களியும் கீரையும் ஒத்துக்கொள்ளாமல் போனால்? என் வீட்டுக்காரர் தக்காளி லோடு ஏற்றுகிறவர், எதற்கும் அலட்டிக்கொள்ள மாட்டார். "அந்தம்மா நல்லாத்தான் இருக்குது. நீ பயந்து பயந்து நமக்குத்தான் வயித்துவலி வரப்போவுது" என்றார்.

அந்த அம்மாவுக்குத் தமிழ் தெரியும். அவர்கள் நாட்டில் காலேஜில் படித்திருக்கிறார். ஆனால் புத்தகத்தில் இருக்கிற தமிழ். "தாகமாக உள்ளது, நீர் அருளுங்கள்" என்று ஒரு நாள் கேட்க, தண்ணீர்க் குடத்தோடு நின்ற பெண்கள் இடுப்பைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்கள். ஊரில் பாதிப் பேருக்கு அவர் பேசுவது புரியாது. அதனால் அவருடைய தமிழை எங்கள் பேச்சில் திருப்பிச் சொல்வது என் வேலையாகிப்போனது. போகிற இடத்துக்கெல்லாம் கூடவே போனேன்.

வந்த புதிதில் தன்னுடைய படத்தில் கொஞ்சத்தை லேப்டாப்பில் போட்டுக் காட்டினார். பெரிய கூடம், ஒன்றுமில்லாத வெறும் கூடம். அதில் வயதான வெள்ளைக்காரப் பெண்கள் தள்ளித்தள்ளி நிற்கிறார்கள். சத்தம் இல்லை. எல்லோர் கையும் காற்றில் எதையோ செய்கிறது. ஒரு விரல் எதையோ நிறுத்துகிறது, மறுகை மேலே போய் ஒட்டுகிறது, திரும்பவும் அடுத்தது. நான் பார்த்துக்கொண்டே இருந்தேன். என் கையும் மடியில் அதையே செய்துகொண்டிருந்தது. பீஸிங். ஓடுகிற ரிங் பிரேமில், நூல் நூற்கிற மெஷினில், அறுந்த நூலை ஒட்டுவது. நான் எத்தனை வருஷம் செய்த வேலை. என் கையைப் பார்த்தார். படத்தை நிறுத்திவிட்டு, "இதை நான் பதிவு செய்யலாமா?" என்று கேட்டார்.

அவர் ஊர்க் கதையை அன்றைக்குத்தான் சொன்னார். அவர்கள் நாடு முன்பு இரண்டாகப் பிரிந்து கிடந்ததாம், நடுவில் சுவர். அவர் பள்ளிக்கூடம் போய்க்கொண்டிருந்தபோது சுவர் உடைந்தது. ஊரே தெருவில் இறங்கி ஆடியதாம். ஆடி முடித்த கொஞ்ச நாளில் அவர்கள் இருந்த கிழக்குப் பக்கத்து மில்களை எல்லாம் மூடிவிட்டார்கள். அவருடைய அம்மா, அப்பா இரண்டு பேருமே நூல் மில்லில் வேலை பார்த்தவர்கள். அம்மா அதற்குப் பிறகு வேலைக்கே போகவில்லை. பையன்களும் பெண்களும் மேற்குப் பக்கம் போய்விட்டார்கள். பிள்ளைகள் இல்லாமல் பள்ளிக்கூடத்தைப் பூட்டினார்கள். மில்லை மூடியது யார் என்று ஊரில் ஒவ்வொருவராகக் கேட்டாராம். காலம் மாறிவிட்டது என்று மட்டும்தான் எல்லோரும் சொன்னார்களாம்.

"யாரு யாருன்னு கேக்கறது உங்க வூட்ல எல்லாருக்கும் உண்டுங்களா?" என்று நான் விளையாட்டாகக் கேட்டேன். அவர் விளையாட்டாக எடுத்துக்கொள்ளவில்லை. அதற்கும் முந்தின காலம் ஒன்று இருந்தது என்றார். இரண்டாவது உலக யுத்தம் நடந்தபோது, வேறு நாடுகளிலிருந்து பிடித்துவந்த பெண்களை அதே மில்லில் அடைத்துவைத்து வேலை வாங்கியிருக்கிறார்கள். அவர்களில் பலர் திரும்பிப் போகவே இல்லை. அந்தப் பெண்களை வரிசையாக நடத்திக்கொண்டு போன தெருவில்தான் அவருடைய ஆயா வீடு, அவர் சொல்லில் பாட்டி வீடு. சன்னல் தெருவைப் பார்த்த சன்னல். கேட்டால், நாங்கள் எதையும் பார்க்கவில்லை என்று சொல்லிச் சொல்லியே அந்த ஆயா செத்துப்போனாராம். "சன்னலை மூடியவர் யார் என்று நான் கேட்டேன். அதன்பின் அவர் என்னுடன் பேசவில்லை" என்றார். அப்போது அவருக்குப் பன்னிரண்டோ பதிமூன்றோ வயதாம்.

எங்கள் ஊருக்கு அவர் வந்தது மெஷினைத் தேடி. அவர் ஊர் மில்லில் இருந்த மெஷின்களைக் கழற்றி, பெட்டி கட்டி, கப்பலில் ஏற்றி விற்றிருக்கிறார்கள். அதில் சிலது சேலம், கோயமுத்தூர் என்று கைமாறிக் கடைசியில் எங்கள் மில்லுக்கு வந்து சேர்ந்திருக்கிறது. எங்கள் மில்லும் மூடியாகிவிட்டது. அங்கே அவருடைய அம்மாவோடு வேலை பார்த்தவர்களைப் படம் எடுத்தது மாதிரி இங்கே எங்களையும் எடுத்து, இரண்டையும் சேர்த்துவைப்பது அவர் எண்ணம்.

எங்களில் பாதிப் பேர் வெட்கப்பட்டார்கள். வெறும் கையை ஆட்டச் சொன்னால் பைத்தியம் மாதிரி இருக்குதே என்றார்கள். அப்புறம் ஒவ்வொருத்தியாக வந்து நின்றார்கள். அவர் காமிராவை ஓடவிட்டு அதைப் பார்க்காமல் எங்களைப் பார்ப்பார். ஒருத்தி நடுவில் அழுதாள். நிறுத்தவில்லை. தோளைத் தொடவில்லை. தண்ணீர்கூடக் கொடுக்கவில்லை. அவள் அழுது முடித்து, முந்தானையில் துடைத்துக்கொண்டு, திரும்பவும் கையைத் தூக்கும்வரை காத்திருந்தார். எனக்கு அது கல் மனசாகப் பட்டது. ஆனால் அந்தப் பெண் போகும்போது, இம்புட்டு நேரம் ஒருத்தரும் என்னைய அழ வுட்டதில்லக்கா என்று என்னிடம் சொல்லிவிட்டுப் போனாள்.

சின்னப்பாப்பா அக்காவிடம் மட்டும் கூட்டிக்கொண்டு போக வேண்டாம் என்று நினைத்திருந்தேன்.

அக்காவின் மகள் கோகிலா அந்த மில்லில்தான் செத்தாள். எனக்கு அடுத்த ஷிப்ட். மெஷினின் கோடியில் பல்சக்கரம் சுற்றுகிற இடத்தில் பஞ்சு அடைந்திருக்கும், குனிந்து எடுக்க வேண்டும். குனிந்தபோது சடை உள்ளே போய்விட்டது. தலைமுடியைத் துணியில் சுற்றிக் கட்டாமல் வேலைக்கு நின்றாள், அவள் கவனக்குறைவு என்று மில்லில் சொன்னார்கள். அதோடு முடிந்தது. ஊரும் அதையே பிடித்துக்கொண்டது. மில்லை மூடிய பிறகு பெண்பிள்ளைகள் வேறு கம்பெனிக்கு வேனில் போக ஆரம்பித்தார்கள். காலையில் வேன் நிற்கிற இடத்தில் ஏதாவது ஒரு தாய் தன் மகள் தலையைப் பார்த்துச் சொல்வாள்: "இழுத்துக் கட்டுடி, கோகிலா மாதிரி ஆயிடாத." சின்னப்பாப்பா அக்கா வீடு அதற்கு எதிரில்தான். வாசல் கூட்டும்போது அது அவர் காதில் விழும். விழட்டும் என்று யாரும் சொல்லவில்லை, வாயில் வந்துவிட்ட பழமொழி மாதிரி ஆகிவிட்டது.

கோகிலாவின் பெயரை யாரோ இந்த ஜெர்மன் அம்மாவிடம் சொல்லிவிட்டார்கள். போயே ஆக வேண்டும் என்றார். போனோம். உட்காரச் சொன்ன உடனே, "உங்கள் மகளின் சாவுக்குக் காரணம் யார்?" என்று கேட்டுவிட்டார். இதை நான் எப்படி எங்கள் பேச்சில் மாற்றுவது? மாற்றவே தேவையில்லாமல் அக்காவுக்குப் புரிந்துவிட்டது. எழுந்து நின்றார். "எம்புள்ள சடையப் பின்னி, மடிச்சு, துணியச் சுத்தித்தாங் கட்டுவா. நான்தான் தெனமும் கட்டிவுடுவேன். அன்னிக்கும் நான்தான் கட்டினேன். அத எழுதிக்கச் சொல்லு" என்று என்னிடம் சொல்லிவிட்டுக் கதவைச் சாத்திக்கொண்டார்.

வரும் வழியில் நான் கோபித்துக்கொண்டேன். அப்படியா கேட்பார்கள் என்றேன். அவர் யோசித்துவிட்டு, "இதுவரை ஒருவரும் அவரிடம் கேட்கவில்லையா?" என்றார். கேட்கவில்லைதான்.

மில்லுக்குள் போக ஒரு வழியாக அனுமதி கிடைத்தது. வாட்ச்மேன் பெரியவர் மெஷின் வந்த காலத்திலிருந்து அங்கேயே இருக்கிறவர். பூட்டைத் திறந்துவிட்டார். உள்ளே புறா எச்சமும் துரு நாற்றமும். எல்லாம் பழைய இரும்புக்குப் போகக் காத்திருந்தது. இந்த அம்மா பச்சைப் பெயின்ட் அடித்த மெஷினைப் பார்த்ததும் சொந்தக்காரரைப் பார்த்தது மாதிரி வேகமாக நடந்தார். பெயின்டைத் தடவினார். அப்படியே தடவிக்கொண்டு கோடிக்குப் போனார். அங்கே இரண்டு கீல் மட்டும் நீட்டிக்கொண்டிருந்தது. பல்சக்கரம் திறந்து கிடந்தது.

"இதன் கதவைக் கழற்றியவர் யார்?" என்றார், வழக்கம்போல.

"அது எப்பவுமே அப்படித்தாங்க. நாங்க சாக்கு கட்டித் தொங்கவுட்டிருப்போம்" என்றேன்.

வாட்ச்மேன் சொன்னார்: "வந்தப்பவே இல்லீங்கம்மா. பொட்டி ஒடைச்சப்ப நான் இங்கதான் நின்னேன். ஒரு மெஷினுக்குமே கதவு வர்ல. சீமைச் சாமானே இப்பிடித்தான் போலன்னு நெனச்சிக்கிட்டோம்."

இந்த அம்மா கீலைப் பிடித்தபடியே தரையில் உட்கார்ந்துவிட்டார். வெயில் அடித்துவிட்டதோ, பிரஷரோ என்று நான் முந்தானையால் விசிறினேன். வாட்ச்மேன் தண்ணீர் கொண்டுவந்தார். குடிக்கவில்லை. காமிராவைப் பையிலிருந்து எடுக்கவும் இல்லை. நான் பார்த்து, அது வெளியே வராத ஒரே நாள் அதுதான்.

வீட்டுக்கு வந்து போனில் ஒரு போட்டோ காட்டினார். தோட்டம். தகரக் கூண்டில் முயல்கள். கூண்டுக்குக் கதவாக ஒரு பச்சை இரும்புத் தகடு, அதே பச்சை. ஒரு கிழவர் முயலை அணைத்துக்கொண்டு சிரிக்கிறார். "என் அப்பா" என்றார். மில்லை மூடிய பிறகு மெஷின்களைக் கழற்றுகிற வேலையை அங்கே இருந்த ஆட்களுக்கே கொடுத்திருக்கிறார்கள். உருக்கத்தான் போகிறது என்று நினைத்து, தூக்க முடிந்த கதவுகளை ஆளுக்கொன்றாக வீட்டுக்குக் கொண்டுபோயிருக்கிறார்கள். முயல் கூண்டுக்கு, கோழிக் கூண்டுக்கு, தோட்டத்து வேலிக்கு. மெஷின் இன்னொரு ஊரில் திரும்ப ஓடும் என்று யாரும் நினைத்துப் பார்க்கவில்லை. இவர் சின்னப் பெண்ணாக இருந்தபோது அந்தக் கூண்டைத் திறந்து தினமும் முயலுக்குத் தழை போட்டவர்.

அதற்குப் பிறகு சில நாள் மாடியை விட்டு இறங்கவில்லை. வைத்த சாப்பாடு வைத்தபடி இருந்தது. நான் படியேறிப் போய்ப் போய்க் காது வைத்துக் கேட்பேன், மூச்சு இருக்கிறதா என்று. ஒரு காலையில் குளித்துவிட்டுக் கீழே வந்து, சின்னப்பாப்பா அக்காவிடம் போகலாம் என்றார்.

இந்த முறை காமிராவை என் கையில் கொடுத்தார். எங்கே அழுத்துவது என்று காட்டிவிட்டு, "என்னை எடுங்கள்" என்றார். நான் காமிராவே பிடித்ததில்லை. படம் ஆடும் என்றேன். ஆடட்டும் என்றார். அக்கா கதவைத் திறந்து, உள்ளே கூப்பிடாமல் நிலைப்படியிலேயே நின்றார். இவர் வாசலில் நின்று சொன்னார்:

"அம்மா, அந்த இயந்திரத்திற்கு ஒரு கதவு இருந்தது. அதைக் கழற்றியவர்களில் ஒருவர் என் தந்தை. கதவு இருந்திருந்தால் உங்கள் மகள் பிழைத்திருப்பார். அவர் கூந்தல் காரணமன்று."

நான் காமிராவைப் பிடித்துக்கொண்டே, கோகிலா மேல தப்பே இல்லைன்னு சொல்றாங்கக்கா, இவங்கப்பா அந்தக் கதவக் கழட்டிட்டாராம் என்றேன்.

அக்கா அழவில்லை. கொஞ்ச நேரம் இவருடைய காலையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"உங்கப்பன் உசுரோட இருக்காரா?"

"இருக்கிறார்."

"அவருக்குத் தெரியுமா?"

"இனிமேல்தான் சொல்ல வேண்டும்."

"வயசானவரா?"

"ஆம்."

அக்கா பெருமூச்சு விட்டார். "அங்க ஒருத்தன் கழட்டினான், செரி. இங்க ஒரு தகரத்த வெட்டி அடிக்க மில்லுக்காரனுங்களுக்குக் கை இல்லையா? எம்புள்ள மசுரு மேல பழியப் போட்டாங்க" என்றார். அப்புறம் இவரைப் பார்த்து நேராகச் சொன்னார்: "எங்கிட்டச் சொல்லி என்ன? எனக்குத் தெரியாததா? நாளைக்குக் காத்தால வேன் நிக்கிற எடத்துல வந்து சொல்லு. பொம்பளைங்க பூரா இருப்பாளுங்க. அங்க சொல்லு."

மறுநாள் காலையில் எனக்குப் போக மனசே இல்லை. என்னென்ன ஆகும் என்று நினைத்து நினைத்துப் போட்ட காபியை ஆறவிட்டேன். அவர் மட்டும் அதே சட்டையில், அதே பெரிய செருப்பில் நடந்து வந்தார். டிபன் பையோடு பெண்பிள்ளைகள், கூட வந்த தாய்கள், பால் ஊற்ற வந்தவர்கள். சின்னப்பாப்பா அக்கா தன் வாசலில் விளக்குமாற்றோடு நின்றார். இவர் நடுவில் போய் நின்று முதல் நாள் சொன்னதையே சொன்னார், ஒரு வார்த்தை குறைக்காமல். நான் பக்கத்தில் நின்று எங்கள் பேச்சில் சொன்னேன். என் குரல் எனக்கே கேட்கவில்லை, இரண்டாவது தடவை சத்தமாகச் சொல்ல வேண்டியிருந்தது.

பால் கேனோடு நின்ற ஒருவர், "செத்துப் போனவள எதுக்குங்க இப்பத் தோண்டறீங்க? படத்துல போட்டுக் காசு பண்ணவா?" என்றார். இவர் அவரைப் பார்த்து, "என் அப்பா பெயர் அந்தப் படத்தில் இருக்கும்" என்று மட்டும் சொன்னார். வேன் வந்துவிட்டது. டிரைவர் ஹாரனை அடித்துக்கொண்டே இருந்தார். ஏறப்போன ஒரு பெண் படியில் காலை வைத்தபடி திரும்பி என்னைக் கேட்டாள்: "அப்ப எங்க மெஷினுக்குக் கதவு இருக்குதுங்களாக்கா?" அவள் அம்மா, ஏறுடி பேசாத என்று முதுகில் தள்ளினாள். வேன் போய்விட்டது. அக்கா வாசலைக் கூட்ட ஆரம்பித்தார்.

அடுத்த வாரம் இந்த அம்மா தன் ஊருக்குப் போனார். படத்தை அங்கே திரையிட்டார்கள் என்று பிறகு போனில் சொன்னார். அவர் ஊரில் சிலர் கதவுகளைக் கொண்டுவந்து மில் இருந்த இடத்தில் போட்டார்களாம். பலர் எழுந்து போய்விட்டார்களாம். அப்பா படத்தைப் பாதிவரை பார்த்தார். அன்றிலிருந்து மகளோடு பேசுவதில்லை. இதையும் அவர் ரோடு உடைந்ததைச் சொல்வது மாதிரி சாதாரணமாகத்தான் சொன்னார்.

இங்கே நடந்ததையும் சொல்ல வேண்டும். அந்தக் காலைக்குப் பிறகு வேன் நிற்கிற இடத்தில் கோகிலா பெயரை யாரும் எடுக்கவில்லை. ஒருத்தி பழக்கத்தில் ஆரம்பித்தாள், பக்கத்திலிருந்தவள் கையை அமுக்கினாள். இழுத்துக் கட்டுடி என்பதோடு நின்றது. எனக்கு எவ்வளவு நிம்மதியாக இருந்தது என்று சொல்ல முடியாது. மண்டியில் நானும் சின்னப்பாப்பா அக்காவும் உட்கார்ந்து தக்காளி தரம் பிரித்துக்கொண்டிருந்தபோது அதைச் சொல்லிச் சந்தோஷப்பட்டேன்.

அக்கா ஒரு பழத்தை எடுத்துத் திருப்பித் திருப்பிப் பார்த்துக்கொண்டிருந்தார். நல்ல பழம்தான்.

"முன்ன எல்லாம் காத்தால ஒரு தடவையாச்சும் அவ பேரு காதுல வுழும் கண்ணு" என்றார். "நெஞ்சு எரியும். வெளக்கமாத்தத் தூக்கி எறியலாமான்னு இருக்கும். ஆனா எம்புள்ள பேரு அது. ஊரு வாயில தெனமும் இருந்துச்சு. இப்ப யாருமே சொல்றதில்ல. கோகிலான்னு ஒருத்தி இருந்தாளான்னு அந்த வேன்ல போற புள்ளைங்களுக்கே தெரியாது."

நான் என் கையிலிருந்த பழத்தைக் கூடையில் போட்டேன்.

"அந்தம்மாகிட்ட இதச் சொல்லிப்புடாத" என்றார். "பாவம். அப்பனையும் வுட்டுட்டு ஒத்தையில நிக்குது."

பொங்கல் கழித்து அவர் ஜெர்மனியிலிருந்து போன் செய்தார். அக்கா நலமா என்று கேட்டார், களி சாப்பிட்டீர்களா என்று கேட்டார். பிறகு, "வேன் நிற்குமிடத்தில் இப்போதும் அந்தப் பெண்ணின் பெயரை அவ்வாறு சொல்கிறார்களா?" என்றார்.

"இல்லைங்க" என்றேன். "இப்ப யாருமே சொல்றதில்லைங்க."

"நல்லது" என்றார் அவர். மறுபடியும், "நல்லது, நல்லது." அவ்வளவு தூரத்திலிருந்தும் அவர் மூச்சு இளகுவது எனக்குக் கேட்டது. அவராக வைக்கும்வரை போனைக் காதிலேயே பிடித்துக்கொண்டு நின்றிருந்தேன்.